குடமலையில் மணக்கும் மரம்

மார்க்கையன்கோட்டையில் எந்தத் தெருவில் நின்றாலும் மலை கண்ணில் படும். ஒரு பக்கம் மேகமலை, மறுபக்கம் ஏலமலை. நடுவில் முல்லைப் பெரியாற்றுத் தண்ணீர் பாயும் வயல்வெளி. சின்னமனூரில் இறங்கி, குச்சனூர் போகும் பேருந்தில் ஏறினால் சிறிது நேரத்தில் இந்தப் பேரூராட்சிக்கு வந்துவிடலாம். நெல், தென்னை, வாழை, சற்றுத் தள்ளிப் போனால் திராட்சைப் பந்தல் என்று கண்ணுக்கு எட்டிய வரை பச்சை. ஆங்கிலேயப் பொறியாளர் பென்னிகுக் கட்டிய முல்லைப் பெரியாறு அணை 1895-இல் திறக்கப்பட்டு, மேற்கே ஓடிக்கொண்டிருந்த ஆற்றின் தண்ணீர் மலையைக் குடைந்து கிழக்கே வந்த பிறகுதான் இந்தக் கம்பம் பள்ளத்தாக்கு இத்தனை செழிப்பைக் கண்டது. மேற்கு மலை தருவதை வாங்கி வாழ்கிற ஊர் இது.

தண்ணீருக்கு முன்பே அந்த மலை இன்னொன்றையும் தந்துகொண்டிருந்தது. குடமலையில் பிறந்த சந்தனமும் அகிலும் காவிரிப்பூம்பட்டினத்துக் கடைத்தெருவில் குவிந்து கிடந்ததைப் பட்டினப்பாலை சொல்கிறது. ஏறத்தாழ இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முந்தைய சரக்குப் பட்டியல் அது. குடமலை என்றால் மேற்குத் தொடர்ச்சி மலை. மார்க்கையன்கோட்டை வரப்பில் நின்று மேற்கே பார்த்தால் நீலமாகத் தெரிகிற தொடரும் அதில் ஒரு துண்டுதான். அந்த இரண்டு மரங்களும் இன்று அங்கே என்ன கதியில் நிற்கின்றன என்று பார்த்துவிட வேண்டும் என்ற எண்ணத்தோடு கிளம்பினேன்.

முதல் நிறுத்தம் குச்சனூர். சுரபி நதிக்கரையில் சுயம்பு சனீஸ்வரர் கோவில். ஆடி மாதச் சனிக்கிழமைகளில் கால் வைக்க இடமிருக்காது. நான் போனது கூட்டமில்லாத காலை. கோவில் வாசலில் எள் முடிச்சு, நல்லெண்ணெய், மாலை விற்கும் கடைகளில் ஒன்றில் சந்தனம் கேட்டேன். கடைக்கார அம்மா மஞ்சள் நிறத்தில் ஒரு சின்னப் பொட்டலத்தை எடுத்து நீட்டினார். பத்து ரூபாய். முகர்ந்து பார்த்தேன், வாசம் தூக்கியது. “இதுல சந்தன மரம் இருக்காம்மா?” என்று கேட்டதற்கு அவர் ஒளிவு மறைவில்லாமல் பதில் சொன்னார்: “மரத்தூளு இருக்கும் தம்பி. சந்தனத் தூளா, என்ன மரமோ, யாருக்குத் தெரியும்? நெசச் சந்தனக் கட்டை வாங்கி வித்தா இந்த வெலைக்குக் கட்டுமா?” பக்கத்தில் ஊதுபத்திக் கட்டுகள் அடுக்கியிருந்தன. அகர்பத்தி என்று உறையில் அச்சடித்திருந்தது. அதில் அகில் துளியும் இருக்காது என்பதை விலையைப் பார்த்தாலே புரிந்துகொள்ளலாம். நம் வீட்டுப் பூசையறையில் இந்த இரண்டு மரங்களின் பெயரும் தினமும் புழங்குகின்றன. மரங்கள்தான் இல்லை.

குச்சனூரிலிருந்து போடிக்கு. ஏலக்காய் மணக்கும் ஊர். மலையில் விளையும் காய் இங்கே வந்து, நறுமணப் பொருள் வாரியத்தின் மின்னணு ஏலத்தில் விலை போகிறது. போடியைத் தாண்டியதும் போடிமெட்டுச் சாலை கொண்டை ஊசி வளைவுகளில் ஏறத் தொடங்குகிறது. முதல் சில வளைவுகள் வரை வறண்ட காடு. வெப்பாலை, உசிலை, கள்ளி. சந்தனம் விரும்பிக் குடியிருப்பது இப்படிப்பட்ட காட்டில்தான். அடர்ந்த மழைக்காடு அதற்கு ஒத்துவராது. பாதி மலை ஏறியதும் காற்று குளிர்ந்து, மெட்டில் சோதனைச் சாவடியைத் தாண்டினால் ஏலத்தோட்டங்கள். பூப்பாறை, தேவிகுளம் வழியாக மூணாறு. அங்கிருந்து, சந்தனக்காடு இருக்கும் மறையூருக்கு ஏறத்தாழ 40 கிலோமீட்டர்.

இந்த நாற்பது கிலோமீட்டரில் நிலம் மாறுவதைப் பார்க்கத் தனியாகவே ஒரு பயணம் போகலாம். மூணாற்றில் மழை பிடித்துக்கொண்டது. இரவிகுளம் தேசியப் பூங்காவின் வாசலைக் கடந்து, தேயிலைச் சரிவுகளைச் சுற்றி, லக்கம் அருவி வரை தூறல் கூடவே வந்தது. அதற்குக் கீழே இறங்க இறங்க மேகம் கலைந்து, வெயில் வந்து, புல் காய்ந்து, மண் சிவந்தது. மறையூர் மழை மறைவுப் பகுதி. தென்மேற்குப் பருவமழையை இரவிகுளத்துச் சிகரங்கள் வாங்கிக்கொள்ள, இந்தப் பள்ளத்தாக்குக்கு வந்து சேர்வது மிச்சம் மீதிதான். கேரளத்தில் கிழக்கே ஓடும் ஆறுகள் மூன்று: கபினி, பவானி, பாம்பாறு. மறையூரில் ஓடுவது பாம்பாறு. அது சின்னாற்றைச் சேர்த்துக்கொண்டு அமராவதி அணைக்குப் போகிறது. அமராவதி கரூரைத் தாண்டிக் காவிரியில் கலக்கிறது. காவிரி போய்ச் சேரும் இடம் பூம்புகார். குடமலைச் சந்தனம் புகாருக்கு எந்த வழியில் போனதென்று யாரும் எழுதி வைக்கவில்லை. ஆனால் மறையூர் மண்ணில் விழும் மழைத்துளிக்குப் புகார் போகும் வழி இன்றும் தெரியும்.

மறையூர், காந்தல்லூர், கீழாந்தூர், காரையூர், கொட்டகுடி என்ற ஐந்து ஊர்களுக்கும் சேர்த்து அஞ்சுநாடு என்று பெயர். மதுரைப் பக்கத்திலிருந்து வந்து குடியேறியவர்கள் என்பது அஞ்சுநாட்டார் தலைமுறை தலைமுறையாகச் சொல்லிவரும் வரலாறு. முதுவர்களும் மலைப்புலையர்களும் இங்கே வாழும் பழங்குடிகள். பாறைத் திட்டுகளில் கல் பலகைகளை நிறுத்தி மூடிய முனியறைகள், பெருங்கற்காலத்தின் ஈமச் சின்னங்கள், ஊரைச் சுற்றிலும் நிற்கின்றன. பள்ளத்தில் கரும்பு. கரும்பு ஆலைகளில் கொப்பரை கொதித்துக்கொண்டே இருக்கிறது. மறையூர் வெல்லம் 2019-இல் புவிசார் குறியீடு பெற்றது. டீக்கடையில், பேருந்தில், கரும்புக் காட்டில் காதில் விழுவது பெரும்பாலும் தமிழ்தான்.

சாலை ஓரத்தில் கம்பி வேலி தொடங்கும் இடத்தில் சந்தனக்காடு தொடங்குகிறது. கேரளத்தில் இயற்கையாக வளர்ந்த சந்தனக்காடு என்று பேர் சொல்ல இருப்பது இது ஒன்றுதான். ஐம்பதாயிரத்துக்கும் மேற்பட்ட மரங்கள். வேலிக்கு அப்பால் காவலர் குடிசைகள். மழையானாலும் இரவானாலும் ஆள் சுற்றிவந்தபடி இருக்கிறார்கள். 2000-களின் தொடக்கத்தில் இங்கே கடத்தல் தலைவிரித்தாடியது. அதன் பிறகு இறுக்கிய காவல் இது.

சந்தன மரத்தை முதல் முறை பார்ப்பவர்களுக்கு ஏமாற்றமாகத்தான் இருக்கும். பெரிய மரமில்லை. மெலிந்த கிளைகள், தொங்கும் நுனிகள், எதிரெதிராக இரண்டிரண்டு இலைகள், வெடித்துக் கறுத்த பட்டை. பூ கடுகளவுக்குச் சற்றுப் பெரிது. மலரும்போது வெளிறிய மஞ்சள், பிறகு கருஞ்சிவப்பு. பழம் கறுப்பாக, உருண்டையாக, ஒரு மணி அளவில். பறவைகள் தின்று எச்சமிட்ட இடமெல்லாம் கன்று முளைக்கிறது. இலையைக் கசக்கினேன், வாசமில்லை. பட்டையை முகர்ந்தேன், வாசமில்லை. கூட வந்த காவலர் சிரித்தார். “வர்றவங்க எல்லாரும் இதத்தான் சார் செய்வாங்க. மரத்துல வாசம் வராது. உள்ள வைரம் இருக்குல்ல, அதுலயும் வேர்லயுந்தான் எண்ணெய். அத எடுக்கணும்னா மரம் சாயணும்” என்றார்.

மரம் சாயணும். இந்த மரத்தின் துயரம் முழுக்க அவர் சொன்ன அந்த வாக்கியத்தில் இருக்கிறது. ரப்பரைப் போலக் கீறிப் பால் எடுத்து, மறுநாள் மறுபடி கீற முடியாது. பத்துப் பதினைந்து ஆண்டு ஆன பிறகுதான் உள்ளே வைரம், அதாவது கெட்டியான நடுக்கட்டை, சேரத் தொடங்கும். நல்ல எண்ணெய் ஊற முப்பது ஆண்டுகளுக்கு மேல் வேண்டும். வேரில் எண்ணெய் இன்னும் அதிகம் என்பதால் வெட்டுவதில்லை. தோண்டி வேரோடு எடுக்கிறார்கள். அடிமரம் மிஞ்சித் துளிர்க்கவும் வழியில்லை. ஒரு தலைமுறை வளர்ந்ததைத் திருடன் ஒரே இரவில் தோண்டிக்கொண்டு போய்விடுகிறான்.

சந்தனத்துக்கு இன்னொரு குணமும் உண்டு. அது தனியாக வாழாது. வேர் மண்ணுக்குள் போய்ப் பக்கத்துச் செடியின் வேரைத் தொட்டு, அதில் உறிஞ்சிகளைப் பதித்து, தண்ணீரையும் சத்தையும் பங்கு கேட்கும். இலையில் பச்சையம் இருப்பதால் தன் உணவைத் தானும் சமைக்கும். அரை ஒட்டுண்ணி என்பார்கள். நாற்றுப் பையில் பொன்னாங்கண்ணி, நட்ட குழியில் துவரை, பிறகு சவுக்கு, அகத்தி, புங்கு என்று ஒவ்வொரு வயதுக்கும் அதற்குத் துணை வேண்டும். மறையூர்க் காட்டில் அந்தத் துணையை இயற்கையே வைத்திருக்கிறது. சுற்றியுள்ள புதரையும் மரத்தையும் வெட்டிவிட்டுச் சந்தனத்தை மட்டும் வேலி போட்டுக் காப்பாற்ற நினைத்தால் சந்தனமும் போய்விடும்.

மறையூரில் பச்சை மரத்தை வெட்டுவதில்லை. காற்றில் சாய்ந்தது, பட்டுப்போனது, யானையோ காட்டுமாடோ முறித்தது, கடத்தல்காரனிடம் பிடித்தது ஆகியவைதான் கிடங்குக்கு வருகின்றன. அங்கே வெள்ளை மரத்தைச் செதுக்கி நீக்கி, வைரத்தைத் தரம் பிரிக்கிறார்கள். சந்தன வியாபாரத்தின் பழைய தரப்பெயர்கள் இங்கே இன்றும் வழக்கில் இருக்கின்றன. உருண்டு திரண்ட முதல் தரம் விலாயத் புத்தா. அடுத்தது சைனா புத்தா. பிறகு பாஞ்சம், கோட்லா என்று இறங்கி, வேர், செதில், தூள் வரை போகிறது. எதுவும் வீணாவதில்லை, தூளுக்கும் தரம் உண்டு, விலை உண்டு. ஏலத்தில் பெருமளவு எடுப்பது கர்நாடக அரசின் சோப்பு நிறுவனம். கோவில்களும் வாங்குகின்றன.

காவலர் ஒரு மரத்தடியில் நின்று மேலே காட்டினார். மற்ற மரங்களில் தளர்ந்து தொங்கிய இலைகள் இதில் நகத்தளவு சுருங்கி, வெளிறி, கிளை நுனியில் விறைத்து நின்றன. “ஸ்பைக்கு சார். வந்துட்டா அவ்வளவுதான்” என்றார். கூர்ந்து பார்த்தால் பூவும் இல்லை, காயும் இல்லை. பைட்டோபிளாஸ்மா என்ற, செல்சுவர்கூட இல்லாத நுண்ணுயிர் தரும் நோய் இது. சாறு உறிஞ்சும் பூச்சிகள் மரம் மரமாகக் கொண்டுபோகின்றன. பெரும்பாலும் ஒன்றிரண்டு ஆண்டுகளில் மரம் பட்டுவிடும். மருந்தில்லை. குடகில் 1899-இல் முதன்முதலாக இதைக் குறித்து வைத்தார்கள். 1903 முதல் 1916 வரையிலான காலத்தில் குடகு, மைசூர் பகுதிகளில் ஏறத்தாழ பத்து லட்சம் மரங்களை இந்த நோய்க்காக அகற்ற வேண்டி வந்தது. மருந்து கண்டுபிடிப்பவருக்கு 10,000 ரூபாய் பரிசென்று 1907-இல் மைசூர் மன்னர் அறிவித்தார். நூறாண்டு கடந்தும் அந்த மருந்து வந்தபாடில்லை. வேலியால் திருடனைத் தடுக்கலாம். பூச்சியைத் தடுக்க முடியாது.

எத்தனை காவல் இருந்தும் இந்த மரம் ஏன் அருகிப்போனது? அதற்கு விடை தேடினால் 1792-க்குப் போக வேண்டும். அந்த ஆண்டில் திப்பு சுல்தான் சந்தனத்தை அரச மரமாக, அதாவது அரசுக்கு மட்டுமே உரிய மரமாக அறிவித்தார். பிறகு வந்த ஆங்கிலேயரும் மைசூர் மன்னர்களும், சுதந்திரத்துக்குப் பின் வந்த மாநில அரசுகளும் அதையே தொடர்ந்தனர். முதல் உலகப் போரில் ஐரோப்பாவுக்குக் கட்டை போவது நின்றதும், மைசூரில் 1916-இல் அரசே எண்ணெய் ஆலை தொடங்கியது. மைசூர் சாண்டல் சோப்பு அந்த ஆலையின் வழி பிறந்ததுதான். அரசுக்கு வருமானம் கொட்டியது. ஆனால் பட்டா நிலத்தில் பறவை எச்சத்தில் முளைத்த கன்றைக் கண்ட விவசாயி என்ன செய்வார்? வளர்ந்தால் மரம் அரசுக்கு. திருடு போனால் விசாரணை அவருக்கு. கன்றாக இருக்கும்போதே பிடுங்கி எறிவதுதான் நிம்மதி. இப்படிப் பிடுங்கி எறியப்பட்ட கன்றுகளுக்கு எந்தக் கணக்கும் கிடையாது.

தமிழ்நாட்டில் ஜவ்வாது மலை, சத்தியமங்கலம், சித்தேரி எல்லாம் சந்தனம் மணத்த மலைகள். திருப்பத்தூர்க் கிடங்கு நாடறிந்த ஏல மையம். அந்த மலைகளில் சந்தனத்தின் பெயரால் நடந்ததை நினைக்காமல் இந்த மரத்தைப் பற்றி எழுத எனக்கு மனம் வரவில்லை. 1992 ஜூன் 20 அன்று, கடத்தல் சந்தனக் கட்டையைத் தேடுவதாகச் சொல்லி வனத்துறை, காவல்துறை, வருவாய்த்துறை ஆட்கள் தர்மபுரி மாவட்டத்து வாச்சாத்தி என்ற பழங்குடிச் சிற்றூருக்குள் புகுந்தார்கள். வீடுகளை நொறுக்கினார்கள். 18 பெண்கள் பாலியல் வன்கொடுமைக்கு ஆளானார்கள். 2011-இல் தர்மபுரி அமர்வு நீதிமன்றம் குற்றம் சாட்டப்பட்ட 269 பேரையும் குற்றவாளிகள் என்றது. அதற்குள் 54 பேர் இறந்தே போயிருந்தார்கள். சென்னை உயர் நீதிமன்றம் 2023-இல் அந்தத் தீர்ப்பை உறுதி செய்தது. முப்பத்தோரு ஆண்டுகள். சந்தனக் கடத்தல்காரன் வீரப்பன் 2004 அக்டோபர் 18 அன்று கொல்லப்பட்டதோடு சந்தனக் கதை முடிந்ததாக நினைப்பவர்கள் வாச்சாத்தியை நினைத்துப் பார்க்க வேண்டும். கட்டையை வாங்கிக் கொழுத்தவர்கள் எங்கோ இருந்தார்கள். அடி வாங்கியவர்கள் மரத்தடியில் இருந்த ஏழைகள்.

பட்டினப்பாலை சொன்ன இரண்டாவது மரம் அகில். மறையூரில் அதைக் காண முடியாது. சங்கத் தமிழ்ப் பெண்கள் கூந்தலை உலர்த்திய அகிற்புகை எந்த மரத்தின் புகை? மணம் செறிந்த அசல் அகில் அக்குலேரியா என்ற பேரினம். அதன் தாயகம் அசாம் முதல் மலேசியா, இந்தோனேசியா வரை. சிலப்பதிகாரத்துக்கு உரை எழுதிய அடியார்க்குநல்லார் அகிலின் வகைகளைச் சொல்லும்போது அருமணவன், தக்கோலி, கிடாரவன் என்று கடல் கடந்த ஊர்களின் பெயரால் குறிக்கிறார். கிடாரம் என்பது இராசேந்திர சோழன் படையெடுத்த கடாரம், இன்றைய மலேசியாவின் கெடா. ஆக, ஒரு பங்கு கப்பலில் வந்தது. குடமலையில் பிறந்ததாகச் சொல்லப்படும் அகிலுக்கோ, நம் மேற்குத் தொடர்ச்சி மலையின் மழைக்காடுகளில் மட்டுமே வளரும் வெள்ளை அகிலைக் கைகாட்டுபவர்கள் உண்டு. வேம்பின் குடும்பம். வானுயர வளரும், கட்டை மணக்கும், பழத்தை இருவாச்சி தின்று விதை பரப்பும். அதுவும் இப்போது அழியும் நிலையில் உள்ள மரங்களின் பட்டியலில் இருக்கிறது. குடகில் தேவரகாடு என்று சாமிக்கு விட்ட காடுகள் ஆயிரத்துக்கும் மேல் உண்டு. வெளியே வெட்டித் தீர்ந்த இடங்களில்கூட அந்தக் காடுகளுக்குள் வெள்ளை அகில் தப்பி நிற்கிறது.

அக்குலேரியாவின் கதை சந்தனத்தை விடக் கடுமையானது. நல்ல உடம்போடு நிற்கும் அகில் மரத்தில் மணமே இல்லை. கட்டை வெளுத்து, லேசாக இருக்கும். ஒரு துளைப்பான் புழு அடிமரத்தைக் குடைந்து, அந்தத் துளை வழியே பூஞ்சை புகுந்தால்தான் மரம் தன்னைக் காத்துக்கொள்ளக் கறுத்த பிசினைச் சுரக்கிறது. ஆண்டுக்கணக்கில் பிசின் ஊறி ஊறிக் கட்டை கனத்து, உயர்ந்த தரமாக இருந்தால் தண்ணீரில் போட்டதும் மூழ்கிவிடும். அரபு நாடுகளில் ஊது என்று உலகத்திலேயே விலை உயர்ந்த மணப்பொருள்களில் ஒன்றாக விற்கிறது. காட்டில் பத்து மரம் நின்றால் ஒன்றிரண்டில்தான் பிசின் இருக்கும். எதில் இருக்கிறது என்று வெளியே நின்று சொல்வது கடினம். தேடிப் போனவர்கள் பத்தையும் வெட்டினார்கள். அசாமில் இதன் பட்டையைப் பதப்படுத்தி சாஞ்சிப்பட்டை என்று ஏடாக்கி நூல் எழுதிய காலம் உண்டு. அந்த அசாமிலேயே காட்டு மரம் அரிதாகி, இன்று பெரும்பாலும் வீட்டுத் தோட்டங்களில் பாக்கு மரங்களோடு சேர்ந்து நிற்கிறது. அக்குலேரியா மலாக்கென்சிஸ் மிக மோசமாக அழிந்துவரும் மரம் என்பது பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியத்தின் மதிப்பீடு. 1995 முதல் அதன் பன்னாட்டு வணிகத்துக்கு, அருகிவரும் உயிரினங்களுக்கான சைட்ஸ் ஒப்பந்தத்தின் கட்டுப்பாடு உண்டு. 2005-இல் அக்குலேரியா பேரினம் முழுவதும் அதற்குள் வந்தது.

இலங்கையில் அகிலின் உறவுமரம் ஒன்று வல்லப்பட்டை என்ற பெயரில் தென்மேற்குக் காடுகளில் நிற்கிறது. பட்டையில் நார் எடுப்பார்கள், மற்றபடி ஒருவரும் திரும்பிப் பார்க்காத மரம். அதிலும் அகில் பிசின் ஊறும் என்று 2010-களில் தெரியவந்ததும் காட்டுக்குள் கோடரிகள் நுழைந்தன. கட்டுநாயக்க விமான நிலையத்தில் பயணப்பெட்டிகளில் வல்லப்பட்டை பிடிபடத் தொடங்கியது. ஒரு மரம் மணக்கும் என்று தெரிந்த மறுகணமே அதற்கு ஆபத்து தொடங்கிவிடுகிறது.

மறையூரிலிருந்து இறங்கி மார்க்கையன்கோட்டைக்குத் திரும்பியதும், மலையடிவாரப் பக்கம் செம்மண் தோட்டம் வைத்திருக்கும் ஒரு பெரியவரைப் பார்க்கப் போனேன். நஞ்சை வயலில் சந்தனம் வராது, தண்ணீர் தேங்கினால் வேர் அழுகிவிடும். இவருடையது மேட்டு நிலம். வேலியோரம் வரிசையாகச் சந்தனம் வைத்திருக்கிறார். மணிக்கட்டுக் கனம் வந்திருந்தது. இடையிடையே அகத்தி, சவுக்கு.

“முதல்ல வச்சதெல்லாம் போச்சு தம்பி. வெறும் கன்ன வச்சேன். பச்சையா இருந்துட்டு பொசுக்குனு காஞ்சிருச்சு. பொறகுதான் நர்சரியில சொன்னாங்க, கூட ஒரு செடி இருந்தாத்தான் இது பொழைக்கும்னு. துவரைய ஊன்டி வச்சேன், புடிச்சுக்கிருச்சு.”

“ஊர்ல என்னய்யா சொன்னாங்க?”

“என்ன சொல்லுவாங்க? சந்தனத்த வச்சா போலீசு வரும், பாரஸ்ட்டு வரும், ஏம்ப்பா இந்த வேலைன்னாங்க. நான் வி.ஏ.ஓ.கிட்டப் போயி அடங்கல்ல ஏத்திட்டேன். ஒருத்தரும் வரல. ஆனா வைரம் விளைஞ்ச பொறகு களவாணிப் பய வருவான்ல, அப்ப யாரு காவலு?” என்று கேட்டுவிட்டு ஒரு கன்றின் அடியில் மண் அணைத்தார். “எனக்கு எழுபது ஆகப்போகுது. நான் வெட்டப்போறதில்ல. பேரன் பாத்துக்குவான்.”

அவர் கேட்ட கேள்வி நியாயமானது. அவருக்குச் சட்டம் ஒரு பாதி பதில் சொல்லியிருக்கிறது. கர்நாடகம் 2001-இலும் தமிழ்நாடு 2002-இலும் சட்டத்தைத் திருத்தி, பட்டா நிலத்துச் சந்தனம் நிலத்துக்காரருக்கே சொந்தம் என்று ஆக்கின. தமிழ்நாட்டில் 2008-இல் அதற்குத் தனி விதிகளும் வந்தன. மரம் வளர்க்கத் தடையில்லை. வெட்டுவதும் விற்பதும் வனத்துறை வழியாக நடக்க வேண்டும். இருநூறு ஆண்டுப் பயத்தை இருபது ஆண்டுச் சட்டம் இன்னும் துடைக்கவில்லை. இதற்கிடையில் ஆஸ்திரேலியர்கள் நம் சந்தன விதையைக் கொண்டுபோய், மேற்கு ஆஸ்திரேலியாவின் குனுனுரா பகுதியில் ஆற்றுப் பாசனத்தில் ஆயிரக்கணக்கான ஏக்கர் தோட்டம் போட்டுவிட்டார்கள். துணைமரம் வைத்து, கரும்பும் நெல்லும் போல ஒரு பயிராக வளர்க்கிறார்கள். குடகிலும் கேரளத்திலும் காப்பி, பாக்குத் தோட்டங்களில் அகில் நட்டுப் பூஞ்சை ஏற்றிப் பிசின் ஊறவைக்கும் முயற்சியும் நடக்கிறது. காட்டு மரத்தின் மீதுள்ள கோடரியை விலக்கத் தோட்டத்து மரத்தைத் தவிர வேறு வழி எனக்குத் தெரியவில்லை.

மறையூரின் வேலி அவசியம். அந்தக் காவலர்களின் கண்விழிப்பு இல்லையென்றால் அந்தக் காடு இன்று இருந்திருக்காது. குடகின் சாமிக்காடுகளும் அவசியம். ஆனால் வேலியும் சாமியும் காக்கும் மரம் விதைக்கு மிஞ்சும். நாட்டின் தேவைக்குப் போதாது. தேவை தீராத வரை திருட்டும் தீராது. மண்ணுக்கு உரியவன் இது என் மரம் என்று பயமில்லாமல் சொல்லக்கூடிய நிலை வந்தால்தான் சந்தனம் பிழைக்கும்.

கம்பம் பள்ளத்தாக்கில் மேட்டு நிலம் வைத்திருக்கும் விவசாயிகளுக்கு ஒரு வேண்டுகோள். வேலியோரத்தில் பத்துச் சந்தனக் கன்று வையுங்கள். கூடவே துவரையும் அகத்தியும் வையுங்கள். கிராம நிர்வாக அலுவலரிடம் சொல்லி அடங்கலில் ஏற்றிவிடுங்கள். வனத்துறைக்கும் ஒரு வேண்டுகோள். வெட்டும் அனுமதிக்கான நடைமுறையை எளிதாக்கி, ஊர் ஊராக வந்து விளக்குங்கள். தோட்டத்து மரத்துக்கும் காவலுக்கு ஒரு வழி சொல்லுங்கள். வாங்குகிறவர்களாகிய நாம் செய்ய வேண்டியது இன்னும் எளிது. சந்தனக் கட்டையோ எண்ணெயோ வேண்டுமென்றால் அரசு விற்பனை நிலையத்தில் ரசீதோடு வாங்குவோம். ரசீது தராத இடத்தில் எத்தனை மலிவாகக் கிடைத்தாலும் வேண்டாம். அந்த மலிவின் மறுபக்கம் மலையில் எங்கோ வேரோடு தோண்டிய ஒரு குழியாகக் கிடக்கும்.